கடைசி ரீலில் நாயகி சொன்னது

பழைய படங்களைச் சீரமைக்கும் எங்கள் கூடத்தில், படத்தின் முன் முதன்முறையாக உட்காரும் புதியவர்கள் எல்லோரும் தவறாமல் ஒரு காரியம் செய்கிறார்கள். படம் ஓடும் வேகத்தை ஒன்றரை மடங்காக்குகிறார்கள். இதற்காக நான் யாரையும் கடிந்துகொண்டதில்லை. நகரின் மறுகோடியிலுள்ள வைட்ஃபீல்டிலிருந்து காக்ஸ் டவுன் வந்து சேர்வதற்குள் ஆயுளில் பாதியைச் சாலையில் விட்டுவிட்ட ஒருவரிடம், கறுப்பு வெள்ளையில் ஒரு பெண்மணி மாடிப்படி இறங்கி வருவதை முழுதாகப் பார் என்று சொல்வது சற்றுக் கொடுமைதான். ஆயினும் சொல்கிறேன்: அந்தப் படியிறக்கத்தை முழுதாகப் பாருங்கள். படத்தின் கதை பெரும்பாலும் அங்கேதான் நடக்கிறது.

அந்தக் காலத்துப் படங்களில் நாயகர்கள் நிறையப் பேசினார்கள். நாயகிகள் முடிவெடுத்தார்கள். வசனத்தை எழுதிய கைகள் வேறு. எந்தச் சொல்லுக்கு முன்னால் நிறுத்துவது, எந்தச் சொல்லைத் தரையில் போடுவது என்பதை நாயகிகளே தீர்மானித்தார்கள். ‘உங்கள் விருப்பம்’ என்ற ஒரு பணிவான வரியைச் சொல்லிக்கொண்டே, தண்ணீர்ச் செம்பை மேசையில் வைக்கும் ஓசையால் அந்த விருப்பத்தை முறியடித்த நாயகியை நான் பார்த்திருக்கிறேன். ஒன்றரை மடங்கு வேகத்தில் பார்த்தால் செம்பு மட்டும்தான் தெரியும்.

எனக்கு வேலை கற்பித்தவர் இதையெல்லாம் விளக்கிக்கொண்டிருக்க மாட்டார். கேள்வி கேட்பார். காது கேளாதவர்களுக்காகத் திரையின் அடியில் நாம் எழுத்துகள் சேர்க்கிறோம் அல்லவா? எங்கள் கூடத்தில் ஓர் இளைஞர், நாயகி பேசாத இடங்களிலெல்லாம் ‘அமைதி’ என்று போட்டு வைத்திருந்தார். பெரியவர் அதைப் பார்த்துவிட்டு, “தம்பி, மாமியார் திட்டும்போதும் அமைதி, கணவன் பொய் சொல்லும்போதும் அமைதி. இரண்டும் ஒரே சரக்கா?” என்று கேட்டார். இளைஞர் வெட்கப்பட்டு, மறுநாள் எல்லாவற்றையும் மாற்றி எழுதிக் கொண்டுவந்தார். அதில் ஓரிடத்தில், ‘இன்று இரவு உனக்குச் சோறு கிடையாது என்னும் அமைதி’ என்று இருந்தது. பெரியவர் சிரித்து முடிக்க நேரமாயிற்று. “கண்டுபிடித்துவிட்டீர்கள். இப்போது அழித்துவிடுங்கள். பார்க்கிறவருக்கும் கொஞ்சம் வேலை இருக்கட்டும்” என்றார்.

இந்த அறிமுகம் போதும். நான் சொல்ல வந்தது ஸ்டெல்லா ஆன்ட்டியின் கடைசி ரீலைப் பற்றி.

திரையில் அவருக்கு வேறு பெயர். அந்தப் பெயரை நான் எழுதப் போவதில்லை. எழுதினால் உங்கள் வீட்டுப் பெரியவர்கள் பெருமூச்சு விட்டு வேலையை விட்டுவிடுவார்கள். காக்ஸ் டவுனில் அவர் ஸ்டெல்லா ஆன்ட்டி, அவ்வளவுதான். எங்கள் கூடத்துக்கு இரண்டு தெரு தள்ளி, பழைய கன்டோன்மென்ட் வீடு ஒன்றில் தனியாக இருந்தார். ஒரு காலத்தில் கோட்டை வாசலில் நின்று படையைத் திருப்பி அனுப்பிய புருவம், இப்போது தம் வீட்டு வாசலை மறித்து நிற்கும் வாடகைக் கார்களைத் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தது. இரண்டிலும் பலன் ஒன்றுதான்.

அவர் நடித்த கடைசிப் படம் எங்களிடம் சீரமைப்புக்கு வந்தது. கிடைத்தது ஒரே ஒரு பிரதி. படம் தேறியிருந்தது, ஆனால் கடைசி ரீலில், சுருளின் ஓரத்தில் கோடாக ஓடும் ஒலிப்பகுதியைப் பூஞ்சை தின்றுவிட்டிருந்தது. அதாவது, கதை முடியும் இடத்தில் எல்லோரும் வாயசைத்தார்கள், யாரும் பேசவில்லை. படத்தை வாங்கியிருந்த இணையவழி நிறுவனத்தார், அந்த ரீலுக்குப் புதிதாகக் குரல் கொடுத்து, நாயகி வாழும் ஊரிலேயே முதல் காட்சியை நடத்திவிட வேண்டும் என்றார்கள். குரல் கொடுக்க வசனம் வேண்டும். வசனப் பிரதி எங்கும் இல்லை.

அப்போதுதான் மர்பி டவுன் ஏழுமலை எங்கள் படியேறி வந்தார். ஆன்ட்டியின் பெயரில் இயங்கிய ரசிகர் மன்றத்தின் தலைவர் அவர். மன்றத்தில் அப்போது தொண்டர்கள் என்று யாரும் மிச்சமில்லை. இருந்த எல்லோரும் துணைத் தலைவர்களாகிவிட்டிருந்தார்கள். தொழிற்சாலை வேலையிலிருந்து ஓய்வுபெற்ற ஏழுமலை, தம் தலைவியின் படங்களில் தலைவி பேசியது மட்டுமன்றி, தலைவியிடம் மற்றவர்கள் பேசியதையும் ஒப்பிப்பார். துணைக்கு மனைவி கன்னியம்மாவும் வந்திருந்தார். அவர் சுவரோர நாற்காலியில் அமர்ந்து, மடியில் பையை வைத்துக்கொண்டு, பேருந்துக்குக் காத்திருப்பவரைப் போலக் கணவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஒலிப்பதிவுப் பொறுப்பில் இருந்தவர் மஞ்சு. கன்னட இளைஞர், தமிழ் அவருக்கு நன்றாக வரும், ஆனால் ஆச்சரியப்படும்போது மட்டும் சொந்த மொழிக்குப் போய்விடுவார். அவர் கடைசிக் காட்சியைத் திரையில் ஓடவிட்டார். மனைவியைத் தவிக்க விட்டு வேறொருத்தியோடு போய்விட்ட கணவன், ஆண்டுகள் கழித்துத் திரும்பி வந்து வாசலில் நிற்கிறான். உள்ளேயிருந்து நாயகி வந்து நிலைப்படியில் நிற்கிறாள். அவன் உள்ளே வருவதற்காகக் குனிந்து, கழற்றச் செருப்பில் கை வைக்கிறான். அவள் ஏதோ சொல்கிறாள். அவன் முகம் அப்படியே உறைந்துபோகிறது. உடனே ஒரு குத்துவிளக்கு, ‘சுபம்’.

ஏழுமலை எழுந்து நின்று, கண்களை மூடிக்கொண்டு, நாயகியின் குரலிலேயே சொன்னார்: “‘நீங்கள் திரும்பி வந்ததே போதும், அத்தான். எனக்கு வேறென்ன வேண்டும்?’”

சொல்லிவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். “இதாம்மா அந்த டயலாக்கு. இதுக்காகவே அந்தப் படத்த எத்தினி தபா பாத்தேன்னு எனக்கே தெரியாது. அதைக் கேட்டதும் அந்த ஆளு மூஞ்சி மாறுது பாருங்க. குற்றவுணர்ச்சி! இந்தக் காலத்துல எவனுக்கு வருது அந்த மாதிரி?”

“அப்படி நான் சொல்லவே இல்ல மேன்.”

வாசலில் ஸ்டெல்லா ஆன்ட்டி குடையை மடக்கிக்கொண்டிருந்தார். பழைய படம் எப்படித் தேறியிருக்கிறது என்று பார்க்க வரச் சொல்லியிருந்தோம்; எப்போதும் போல நேரத்துக்கு முன்பே வந்துவிட்டார்.

ஏழுமலை கும்பிட்டார். கும்பிட்ட கையை இறக்காமலேயே, “தலைவி மன்னிச்சிக்கணும். சொன்னீங்க” என்றார்.

“நடிச்சது நானா, நீயா?”

“நடிச்சது நீங்கதான் தலைவி. ஆனா கேட்டது நானு.”

இந்த வாதத்தில் இருந்த நியாயம் என்னைச் சற்றுத் திகைக்க வைத்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன். மஞ்சுதான் மெல்லக் கேட்டார்: “ஆன்ட்டி, நீங்க என்ன சொன்னீங்க?”

ஆன்ட்டி நாற்காலியில் உட்கார்ந்து, குடையை மடியில் கிடத்திக்கொண்டு, செய்தி வாசிப்பவரைப் போலச் சொன்னார்: “‘வந்ததில் மகிழ்ச்சி. செருப்பைக் கழற்ற வேண்டாம்.’”

“ஹௌதா!” என்றார் மஞ்சு.

பிறகு ஆன்ட்டி நடந்ததைச் சொன்னார். “எழுதிக் குடுத்தது இவன் சொல்ற ‘அத்தான்’ டயலாக்தான். ஒத்திகையில அதையே சொன்னேன். டேக் எடுக்கிறப்போ வாயில வேற வந்துடுச்சு. வந்துடுச்சுன்னு சொல்றது பொய். முந்தின நாளே யோசிச்சு வச்சதுதான். அத்தனை வருஷம் அவ தனியாக் கிடந்து சமாளிச்சிருக்கா, இவன் வந்து செருப்பக் கழட்டினா ஆச்சா? அந்த ஹீரோ இருக்கானே, பாவம், அவனுக்கு அதுக்கு முன்னாடியும் நடிப்பு வரல, அதுக்கப்புறமும் வரல. அந்த ஒரு ஷாட்ல மட்டும் வந்துச்சு. ஏன்னா அவன் நடிக்கல. நெஜமாவே பயந்துட்டான்.”

டைரக்டருக்குக் கோபம். ஆனால் பிலிம் சுருள் எளிதில் கிடைக்காத காலம். நாயகன் முகத்தில் நடிப்பு என்ற ஒன்று தென்பட்டிருப்பதோ அதனினும் அரிது. ஆகவே ஷாட்டை வைத்துக்கொண்டு, வேறொரு பெண்ணைக் கூப்பிட்டு, நாயகியின் வாய்க்கு அந்த ‘அத்தான்’ வசனத்தைப் பூசிவிட்டார்கள். ஆன்ட்டிக்கு இது தியேட்டரில் உட்கார்ந்தபோதுதான் தெரிந்தது.

“எவளோ ஒருத்தி என் வாயில உக்காந்துகிட்டு ‘அத்தான்’ங்கிறா. தியேட்டரே அழுவுது. எனக்கு மட்டும் பத்திக்கிட்டு வருது. அன்னைக்கே சினிமாவுக்கு ஒரு கும்பிடு போட்டேன்.” கொஞ்ச நேரம் திரையில் நின்றிருந்த தம் இளமையைப் பார்த்தார். பின்பு என் பக்கம் திரும்பினார். “ஏம்மா, எனக்கு எண்பது தாண்டியாச்சு. பட்டம், மாலை ஒண்ணும் வேணாம். அந்த ஒரு வரி, என் குரல்ல, நான் உயிரோட இருக்கும்போது ஒரு ஹால்ல கேக்கணும். அவ்வளவுதான்.”

ஏழுமலை பதறிவிட்டார். “தலைவி, அந்த டயலாக்குல மட்டும் கை வைக்காதீங்க. என் குடும்பமே அதுலதான் நிக்குது.” எங்கள் பக்கம் திரும்பிக் குரலைத் தாழ்த்தினார். “மேடம், நானும் ஒரு காலத்துல புத்தி கெட்டு வூட்ட வுட்டுப் போனவன்தான். திரும்பி வந்தப்போ இதோ இவ வாசப்படியில நின்னா. நின்னு, அச்சு அசலா அதே டயலாக்க சொன்னா. அதான் நான் மனுசனானேன்.”

“நான் எங்க சொன்னேன்?” என்றார் கன்னியம்மா.

எல்லோரும் திரும்பினோம்.

“நான் வாயே தொறக்கல. இவரே சைக்கிள ஸ்டாண்டு போட்டு நிறுத்தினாரு. ‘நான் வந்ததே போதும்னுதான கன்னியம்மா நெனைக்கிற?’ன்னு கேட்டாரு. இவரே ‘ஆமா, வேறென்ன வேணும்?’னு சொல்லிக்கினாரு. செருப்பக் கழட்டிட்டு உள்ள போயிட்டாரு.”

“ஏய், நீ தலையாட்டினியே!”

“காத்துல ஆடியிருக்கும்.”

ஸ்டெல்லா ஆன்ட்டி கன்னியம்மாவை அக்கறையோடு பார்த்தார். “நீ என்ன சொல்லணும்னு நெனச்சே?”

கன்னியம்மா யோசித்தார். “அடுப்புல பாலு பொங்கிக்கினு இருந்துச்சு ஆன்ட்டி. எறக்கப் போயிட்டேன்” என்றார்.

அன்றே ஆன்ட்டியை ஒலிப்பதிவு அறைக்குள் உட்கார வைத்தோம். முதல் முயற்சி பொருந்தவில்லை. திரையில் இருந்தவள் முடித்து வாயை மூடிய பின்னும் இங்கே ஆன்ட்டி பாதி வரியில் இருந்தார். “ஆன்ட்டி, கொஞ்சம் ஃபாஸ்ட்டா” என்றார் மஞ்சு. “அவளுக்கு மூச்சு இருக்கு மேன், ஓடுறா. நான் பிடிக்க வேணாமா?” என்று பதில் வந்தது. வெந்நீர் குடித்தார். தொண்டையைச் செருமினார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, திரையைப் பார்க்காமலேயே சொன்னார்.

‘வந்ததில் மகிழ்ச்சி. செருப்பைக் கழற்ற வேண்டாம்.’

உதடு மூடிய இடத்தில் மூடியது; திறந்த இடத்தில் திறந்தது. மஞ்சு எதையும் நகர்த்த வேண்டியிருக்கவில்லை. நாயகன் முகம் உறைந்தது. இத்தனை காலமும் குற்றவுணர்ச்சி என்று போற்றப்பட்ட அந்த முகம், இப்போதுதான் முதன்முறையாகக் காரணத்தோடு உறைந்தது. அது வேறொன்றுமில்லை, வாசலோடு அனுப்பப்படப் போகிறோம் என்று தெரிந்துகொண்ட ஒரு மனிதனின் முகம். இவ்வளவு தெளிவாகக் கண்முன் இருந்ததை அத்தனை பேரும் காதால் பார்த்துக் கோட்டைவிட்டிருந்தோம்.

ஏழுமலை திரையருகே போய் அந்த முகத்தை உற்றுப் பார்த்தார். பிறகு, “இருந்தாலும்…” என்றார்.

குரலின் முதுமையை மஞ்சு கணினியில் கொஞ்சம் குறைத்தார். ஆன்ட்டி தடுத்தார்: “முழுசாக் கழுவிடாதே. கோபம் போயிடும்.”

இனி, நீங்கள் உங்கள் வேலையில் நிச்சயமாகச் சந்திக்கப்போகும் இடத்துக்கு வருகிறேன். வைட்ஃபீல்டிலிருந்து நிறுவனத்தின் பொறுப்பாளர் தொலைபேசியில் கேட்டார்: “மேடம், ஹிஸ்டரி எல்லாம் ஓகே. ஒரிஜினல் எது? ஒரு ஆன்சர் சொல்லுங்க, போதும்.” நான் ஒரு நாள் அவகாசம் கேட்டேன்.

எனக்குக் கற்பித்தவரின் விதி தெளிவானது. நாம் துடைக்கிறவர்கள்; வரைகிறவர்கள் அல்லர். படம் வெளியானபோது மக்கள் எதைப் பார்த்தார்களோ, எதைக் கேட்டார்களோ, அதைத் திருப்பித் தருவதே நம் வேலை. இந்த விதிப்படி ஏழுமலை சொன்னதே சரி. நாயகிக்குப் பிடிக்காத வசனத்தை மாற்றலாம் என்றால், நாளைக்கு நாயகர்கள் வரிசையில் வந்து நிற்பார்கள். தோற்ற சண்டைகளையெல்லாம் வென்றதாக்கச் சொல்வார்கள்.

ஆனால் அன்று முழுவதும் என்னை வேறொன்று உறுத்திக்கொண்டே இருந்தது. மக்கள் கேட்ட அந்தக் குரல் இப்போது இல்லை. அதைத் திரும்பக் கொண்டுவருவதென்றால், மூன்றாவதாக இன்னொரு பெண்ணை அழைத்து வந்து ஆன்ட்டியின் வாயில் உட்கார வைக்க வேண்டும். அதுவும் ஆன்ட்டி இரண்டு தெரு தள்ளி உயிரோடு இருக்கும்போது. படத்தின் மேல் படிந்த தூசியைத் துடைக்கிறோம். ஒருவர் வாயின் மேல் பூசப்பட்டதைத் துடைப்பது மட்டும் எப்படி வரைவதாகும்? மறுநாள் பொறுப்பாளரை அழைத்து, இணையத்தில் மக்கள் கேட்ட வசனமும் எழுத்தாக இருக்கட்டும், எது எப்படி வந்தது என்பதை ஒளிக்காமல் எழுதுவோம், ஆனால் அரங்கில் ஆன்ட்டியின் வரி ஒலிக்கும் என்றேன். “ரிஸ்க் இல்லையா மேடம்?” என்றார். “இருக்கிறது” என்றேன். என் பணிவாழ்வில் நான் அளித்த மிகச் சிறிய தொழில்நுட்ப அறிக்கை அதுதான்.

முதல் காட்சி, காக்ஸ் டவுனில் ஒரு தேவாலயத்தை அடுத்த மண்டபத்தில், ஞாயிற்றுக்கிழமை மாலை. ஆன்ட்டி முன்வரிசையில் பட்டுப் புடவையில் அமர்ந்திருந்தார். தேவாலயத்துக் கோயில்காரர்கள் பாதி, மர்பி டவுன் மன்றத்தார் பாதி. துணைத் தலைவர்கள் அனைவரும் குடும்பத்தோடு வந்திருந்தார்கள். படம் தொடங்குமுன் கடைசி வசனம் பற்றிய அறிவிப்பைத் திரையில் காட்டினோம். பெருத்த கைதட்டல். அறிவிப்புக்குப் பின்னணியாக நாயகியின் படத்தை வைத்திருந்தோம், கைதட்டல் அதற்குத்தான். திரையில் எழுதப்படும் எதையும் கூட்டம் படிப்பதில்லை என்பதைப் புதியவர்கள் இப்போதே தெரிந்துகொள்வது நல்லது. பிற்பாடு தெரிந்துகொண்டால் மனம் வலிக்கும்.

படம் ஓடியது. மன்றத்தார் தங்கள் வழக்கப்படி, நாயகி வாய் திறக்குமுன்பே வசனத்தை உரக்கச் சொல்லிக்கொண்டு வந்தார்கள். மாமியாரை நாயகி மடக்கும் இடத்தில் மண்டபமே சேர்ந்து மடக்கியது. வேலை தேடிப் போன இடத்தில் முதலாளியிடம் அவள், ‘சம்பளம் எவ்வளவு என்று நீங்கள் சொல்லுங்கள், போதுமா என்று நான் சொல்கிறேன்’ என்ற இடத்தில் கோயில்காரர்களும் சேர்ந்துகொண்டார்கள். நான் பின்னால் மஞ்சுவின் அருகே நின்று மகிழ்ந்துகொண்டிருந்தேன். அவர்களுக்கு எல்லாம் மனப்பாடம் என்பதற்காகவே அவர்களை அழைத்திருந்தோம். அதில் ஒளிந்திருந்த ஆபத்து, பல மாதம் அந்தப் படத்தோடு வாழ்ந்த எங்களில் ஒருவருக்கும் உறைக்கவில்லை.

கடைசி ரீல் வந்தது. கணவன் வாசலில் நின்றான். நாயகி நிலைப்படிக்கு வந்தாள். அவன் குனிந்து செருப்பில் கை வைத்தான். ஏழுமலையும் துணைத் தலைவர்களும் எழுந்து நின்று, ஒரே குரலில், மண்டபத்தின் ஓட்டுக்கூரை அதிர முழங்கினார்கள்:

“நீங்கள் திரும்பி வந்ததே போதும், அத்தான்! எனக்கு வேறென்ன வேண்டும்!”

விசில் பறந்தது. அதற்கடியில் ஆன்ட்டியின் வரி எங்கே போயிற்று என்றே தெரியவில்லை. பொறியை இயக்கிக்கொண்டிருந்த மஞ்சுவுக்கே கேட்கவில்லை.

முன்வரிசையில் ஆன்ட்டி திரும்பிப் பார்க்கவில்லை. கண்ணாடியைக் கழற்றிக் கூட்டில் வைத்து மூடினார். எழுந்து போகப் போகிறவர்கள் அப்படித்தான் செய்வார்கள்.

நம் தொழிலில் ஓடும் படத்தை நிறுத்துவது என்பது பூசை நடுவே மணியைப் பிடுங்குவதைப் போன்றது. கூரை ஒழுகினாலும் ஓடட்டும் என்பார்கள். குத்துவிளக்கு திரைக்கு வந்துவிட்டது. இன்னும் ஒரு நொடியில் ‘சுபம்’. அதன் பிறகு எதைச் செய்தாலும் அது விளக்கம், காட்சி அல்ல.

“நிறுத்துங்கள்” என்றேன்.

“மேடம்?”

“நிறுத்திப் பின்னால் போங்கள். அவன் குனிகிற இடத்துக்கு.”

நாயகன் பாதி குனிந்தபடி, செருப்பில் கையோடு, மண்டபத்தின் நடுவே உறைந்தான். கூச்சல் எழுந்தது. “யாருப்பா அது?” “கரண்டு போச்சா?” “கரண்டு போனா இவன் எப்பிட்ரா தெரியிறான்?”

நான் ஒலிபெருக்கியைக் கையில் வாங்கினேன். எனக்கு உரக்கப் பேசி வழக்கமில்லை. “மன்னிக்க வேண்டும். இந்த இடத்தின் வசனம் உங்கள் எல்லோருக்கும் தெரியும். உங்களுக்குத் தெரிந்ததை அவர் ஒருபோதும் சொன்னதில்லை. அவர் சொன்னதை இதுவரை யாரும் கேட்டதில்லை. ஒரே ஒரு முறை, தயவுசெய்து வாயை மூடிக்கொண்டு கேளுங்கள்.” என் வாழ்நாளில் பொது இடத்தில் நான் பேசிய மிகவும் மரியாதைக் குறைவான வாக்கியம் அது. ‘தயவுசெய்து’ அதைப் பெரிதாகக் காப்பாற்றவில்லை.

ஏழுமலை உட்காரவில்லை. அவருக்கு எல்லாம் தெரியும், தெரிந்தே முழங்கினார். “மேடம், ஜனங்களுக்குப் புடிச்சத ஜனங்க சொல்றாங்க. இதுல இன்னா தப்பு? எங்க டயலாக்க எங்ககிட்டேருந்து புடுங்குறீங்களே!”

அவர் குரல் உண்மையிலேயே உடைந்திருந்தது.

“ஏழுமலை,” என்றார் ஆன்ட்டி, திரும்பாமலேயே. “உக்காரு.”

ஏழுமலை உட்கார்ந்தார். துணைத் தலைவர்களும் உட்கார்ந்தார்கள். எனக்கே உட்காரத் தோன்றியது.

“ஓட்டு மஞ்சு. அந்த ஆளு எவ்வளவு நேரம்தான் குனிஞ்சுகிட்டே நிப்பான்? இடுப்பு போயிடப் போவுது.”

மஞ்சு ஓட்டினார். கணவன் குனிந்தான். நாயகி அவனைப் பார்த்தாள். அந்தப் பார்வைக்கும் வரிக்கும் நடுவே அவள் எடுத்துக்கொண்ட அவகாசம் எவ்வளவு நீளமானது என்பது, மண்டபம் அமைதியாக இருந்ததால் அன்றுதான் எனக்கே தெரிந்தது.

‘வந்ததில் மகிழ்ச்சி. செருப்பைக் கழற்ற வேண்டாம்.’

யாரும் விசிலடிக்கவில்லை. நாயகன் முகம் உறைந்ததும், பெண்கள் அமர்ந்திருந்த பக்கத்தில் யாரோ ஒருவர் ‘க்ளுக்’ என்று சிரித்தார். அடுத்தவர் அவரைப் பார்த்துச் சிரித்தார். பிறகு அந்தப் பக்கம் முழுவதும் சிரித்தது; முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, தோளோடு தோள் இடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தார்கள். ஆண்கள் பக்கத்தில் சிலர் ஏதோ நினைவு வந்தவர்களாகத் தரையைப் பார்த்தார்கள். ஆன்ட்டி கூட்டைத் திறந்து கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார்.

அப்போது பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு குரல், எந்தத் துணைத் தலைவரும் இதுவரை எட்டாத உயரத்தில் வந்தது.

“ஒன்ஸ் மோர்!”

கன்னியம்மா எழுந்து நின்றிருந்தார்.

ஏழுமலை நாற்காலியோடு திரும்பினார். “ஏய், கன்னியம்மா! இன்னா இது?”

“படம் பாக்குறேன்,” என்றார் கன்னியம்மா. “நீ கம்முனு இரு. தம்பி, ஒன்ஸ் மோர்!”

மஞ்சு என்னிடம் கேட்கவில்லை. படம் அதற்குள் பின்னால் போய்க்கொண்டிருந்தது. வாசலுக்கு வந்த அந்த மனிதன் மீண்டும் குனிந்தான், மீண்டும் திருப்பி அனுப்பப்பட்டான். இம்முறை பெண்கள் பக்கம் சேர்ந்தே வரியைச் சொன்னது. அது அடங்குமுன் இன்னொரு ‘ஒன்ஸ் மோர்’ வந்தது. அது யார் குரல் என்று தெரியவில்லை. ‘சுபம்’ திரைக்கு வந்துசேர அன்று வெகுநேரமாயிற்று.